சிரிக்காமல் எழுந்தவள்

உச்சிப் பகல் பன்னிரண்டரை மணி. அரிமளத்தைத் தாண்டி, தைலமரக் காட்டுக்குள் போகும் செம்மண் பாதை. சிவரஞ்சனி ஓடிக்கொண்டிருந்தாள். கழுத்திலிருந்து இடுப்பு வரை ரத்தம்... காலையில் அவளே சர்க்கரைப் பாகில் சாயம் கலந்து காய்ச்சியது. அதில் ஏன் இரும்பு வாடை அடிக்கிறது என்று யோசிக்க நேரமில்லை.

பின்னால் சருகு நொறுங்கும் சத்தம். திருமுருகன். கையில் அருவாள்.

“எந்திரிக்காத புள்ள... நீ செத்துட்ட. போய்ப் படு.”

அவன் அழுதுகொண்டே துரத்தினான்.

கிட்ட வந்து உட்காருங்கள். நம் அன்புமொழியின் சித்தி மகள் சிவரஞ்சனிக்கு நடந்தது இது. அன்புமொழியும் அன்று அங்கேதான், கேமராவுக்குக் குடை பிடித்துக்கொண்டு நின்றாள்.

சிவரஞ்சனிக்கு அது இரண்டாவது படம். பாட்டில்லை, வசனமில்லை, முழுப் படமும் ஒரே ஷாட். டைரக்டர் கவியரசனே கேமராவும். கதையில் புருஷனாக வரும் திருமுருகன் அவளை வெட்ட வேண்டும். டம்மி அருவாள்தான் என்று சொல்லியிருந்தார்கள். வெட்டினான். மரத்தடியில் விழுந்து, மூச்சைப் பிடித்துக் கிடந்தாள்.

பிணமாக நடித்தவர்கள் எழுந்ததும் கேமராவைப் பார்த்து ஒருதரம் சிரித்துவிட வேண்டும். அதுவும் பதிவாக வேண்டும். இல்லையென்றால் சாவு ஒட்டிக்கொள்ளும் என்பார்கள் சினிமாக்காரர்கள். எழுந்ததும் சிரிக்கட்டுமா என்று சிவரஞ்சனி காலையிலேயே கேட்டாள்.

“அதெல்லாம் மசாலாப் படக்காரங்க வேலைம்மா. நம்ம படத்துல பொணம் சிரிக்காது,” என்றான் கவியரசன்.

அதனால் சிரிக்காமலே எழுந்தாள். அந்த நொடியில்தான் திருமுருகன் துரத்த ஆரம்பித்தான்.

எட்டிப் பிடித்துவிட்டான். முடியைச் சுற்றி இழுத்து, தலையை மரத்தில் மோதினான். மடேர்... ஒரு பல் நாக்கில் உருண்டது. கழுத்தை நெரித்த கையைக் கடித்துப் பிய்த்துக்கொண்டு, கேமராவை நோக்கி ஓடினாள்.

“அண்ணே, இங்கிட்டுத் திருப்புங்க. நான் சிரிச்சுடுறேன். அப்பத்தான் விடுவான்.”

“சூப்பரும்மா. ரெண்டு பேரும் பின்றீங்க. நிப்பாட்டாத.”

லென்ஸுக்கு முன்னால் நின்று, ரத்தப் பல் தெரியச் சிரித்தாள்.

பின்னால் ணங்கென்று அருவாள் விழுந்தது. திருமுருகன் குத்துக்காலிட்டு உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டான்.

“பதிவாயிருச்சாண்ணே?”

கவியரசன் ஓட்டிப் பார்த்தான். “ஆயிருக்கு...” என்றவன் கேமராவை விட்டு ஓரடி பின்வாங்கினான்.

அவளும் எட்டிப் பார்த்தாள். கேமராவின் சின்னத் திரையில் அவள் முகம், சிரிப்பு. தோளுக்குப் பின்னால், தள்ளி, அந்த மரத்தடி. அங்கே அவள் கட்டியிருக்கும் அதே சிவப்புப் புடவை. விரிந்த முடி. விழுந்தது விழுந்தபடி... ஈ மொய்த்துக்கொண்டு.

சிவரஞ்சனி மெல்லத் திரும்பி மரத்தடியைப் பார்த்தாள்.

அன்புமொழி தண்ணீர் எடுக்க வேனுக்கு ஓடினாள். திரும்பி வந்தபோது கேமரா முன்னால் யாரும் இல்லை. மரத்தடியில் மட்டும் அந்தச் சிவப்புப் புடவை...

டம்மி என்று நினைத்துத் திருமுருகன் எடுத்தது, மரம் வெட்டுகிறவர்கள் அங்கே சாத்திவிட்டுப் போன அருவாள். அதை அன்புமொழி வேனிலேயே தெரிந்துகொண்டாள். தண்ணீர் கேனுக்குப் பக்கத்தில் ஒரு சாக்குப்பை, கட்டுப் பிரிக்காமல். அதற்குள் வெள்ளி பெயிண்ட் அடித்த மர அருவாள்.