காலையில் வந்த காற்றுச் சீட்டு

எருத்தேன்பதியில் காற்றைப் பற்றிப் பேசாத ஆள் கிடையாது. தெரிந்த ஆள்தான் கிடையாது. பாலக்காட்டுக் கணவாய் வழியாகக் காற்று வர ஆரம்பித்ததும் முறத்தைத் தூக்கிக்கொண்டு களத்துக்கு ஓடுவார்கள். காற்றுள்ளபோதே தூற்றிக்கொள் என்று யாரோ சொல்லி வைத்திருக்கிறார்கள் அல்லவா. அந்தக் காற்று எவ்வளவு உயரத்தில் எவ்வளவு வேகத்தில் போகிறது என்று கேட்டால் வாயைப் பிளப்பார்கள்.

நான் பன்னிரண்டு வருஷம் பீரங்கிப் படையில் இருந்துவிட்டு, எழுபத்து மூன்றில் ஹவில்தாராக ஊர் திரும்பியவன். வந்த புதிதில் டீக்கடையில் குப்பண்ணன் கேட்டார், "ஏனுங்க சென்னிமலை, சண்டைல எத்தன பேரச் சுட்டீங்க?" நான் யாரையும் சுட்டதில்லை. கணக்குப் போட்டவன். பீரங்கி என்றால் இவர்களுக்குத் திருவிழாவில் போடும் கதினா வெடிதான். எங்கள் பீரங்கி ருஷ்யாவிலிருந்து வந்தது. இங்கே வைத்துச் சுட்டால் பொள்ளாச்சிச் சந்தையில் போய் விழும் என்றேன். குப்பண்ணன் சிரித்துவிட்டு வடையைக் கடித்தார். அவரிடம் சொல்லிப் பயனில்லை என்பதால் உங்களிடம் சொல்கிறேன்.

அவ்வளவு தூரம் சுடுகிறவன் எதையும் பார்ப்பதில்லை. எதிரிக்குப் பக்கத்தில் ஒரு சாவடியில் மூன்று பேர் ஒளிந்திருந்து, குண்டு எங்கே விழுகிறது என்று வயர்லெஸ்ஸில் சொல்வார்கள். பல மைல் பின்னால், கூடாரத்தில், நான். குண்டு ஏறத்தாழ ஒரு நிமிஷம் ஆகாயத்தில் இருக்கும். அந்த நிமிஷம் முழுக்கக் காற்று அதைத் தள்ளிக்கொண்டே இருக்கும். அதற்காகக் காலையும் மாலையும் பலூன் விட்டு மேல்காற்றை அளந்து ஒரு சீட்டு அனுப்புவார்கள். சீட்டைப் பார்த்து, காற்று தள்ளப்போகும் அளவுக்குக் குழலை எதிர்ப்பக்கம் திருப்பி வைக்க வேண்டும். கணக்கை இன்னொருவனும் தனியாகப் போட்டுச் சரிபார்ப்பான். அவனுக்குச் சீட்டைக் கொடுப்பதும் நான்தான்.

கருப்புசாமி சாவடியில் வயர்லெஸ் பேசுகிறவன். சாந்தன்பாறை ஏலத்தோட்டத்துக் கூலிக்காரன் மகன். எட்டாவதோடு சரி. என்னை அண்ணே என்று கூப்பிடுவான். எந்த வழியில் அண்ணன் என்று நான் கேட்டதில்லை.

எழுபத்தொன்று டிசம்பர், ராஜஸ்தான் எல்லை. சண்டையின் இரண்டாம் நாள் மதியம் ஆறு பீரங்கிகளும் சேர்ந்து சுட்டன. குண்டுகள் எல்லாம் வெறும் மணலில் விழுந்தன. கூடாரத்து ஒலிபெருக்கியில் அவன் குரல் வந்தது. "அண்ணே, காத்து திரும்பிருச்சு. நீங்க காலைச் சீட்ட வச்சுப் போட்டிருக்கீக. இங்க செடி ஓரத்துல மண்ணு ஒதுங்குறதப் பாத்தாலே தெரியுதே."

அது நேர்மையான தவறு. எவனுக்கும் வரும். ஆனால் அத்தனை பேரும் கேட்டார்கள். தமிழ் தெரிந்தவன் தெரியாதவனுக்கு மொழிபெயர்த்துச் சொன்னான். மேஜர் சிரித்தார். சிரித்தது போதாதென்று ஓர் உத்தரவும் போட்டார். இனிமேல் சுடும் முன் சென்னிமலை கருப்புசாமியிடம் காற்று மாறியதா என்று கேட்டு நோட்டில் எழுத வேண்டும். மாறியிருந்தால் புதுச் சீட்டு வரும்வரை சுடக்கூடாது.

எங்கள் குடும்பத்துக்கு நாற்பது ஏக்கர் பூமி. எங்கள் களத்தில் எப்போது தூற்றுவது என்று பூமிக்காரர்தான் சொல்வார். கூலிக்காரன் முகத்தில் காற்று வந்து அறைந்தாலும் வாயைத் திறக்க மாட்டான். அப்படிப்பட்ட வழக்கத்தில் வளர்ந்தவன், ஒரு நாளைக்கு நாலு தடவை ஓர் ஏலத்தோட்டத்தானிடம் "காற்று எப்படி?" என்று கேட்டு, அவன் சொன்னதைப் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி எழுதிக்கொண்டேன். எனக்கு எரிந்தது. அவனுக்கு அது புரியவே இல்லை. ஒவ்வொரு தடவையும் சந்தோஷமாகப் பதில் சொன்னான். அன்றிலிருந்து ஒலிபெருக்கியை நிறுத்திவிட்டுக் காதில் மாட்டும் கருவியில்தான் கேட்டேன்.

ஆறாம் நாள் பிற்பகல் மூன்று மணிக்கு எதிரியின் வெடிமருந்துக் கிடங்கு ஒன்றைச் சுட உத்தரவு வந்தது. நாங்கள் மேற்கு நோக்கிச் சுடுகிறோம். காலைச் சீட்டில் தெற்குக் காற்று. கேட்டேன்.

"வடக்க இருந்து அடிக்குதுண்ணே. நல்லாவே திரும்பிருச்சு. புதுச் சீட்டு வரட்டும், பொறுங்க."

நோட்டில் எழுதினேன்: காற்றில் மாற்றமில்லை. சொன்னவர் கருப்புசாமி.

காலைச் சீட்டை வைத்தே கணக்குப் போட்டேன். சரிபார்க்கிறவனுக்கும் அதையே கொடுத்தேன். இரண்டு கணக்கும் ஒன்றாக வந்தன. நான் ஓர் எண்ணைக்கூடத் தப்பாகப் போடவில்லை. தெற்குக் காற்றுக்காகக் குழலைத் தெற்கே திருப்பினோம். வடக்குக் காற்று குண்டை இன்னும் தெற்கே தள்ளும். கிடங்குக்குத் தெற்கே நானூறு கஜத்தில் சாவடி இருந்தது. இரண்டும் சேர்ந்து எங்கே கொண்டுபோய் விடும் என்பதைத் தனியாக ஒரு துண்டுக் காகிதத்தில் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் கொடுத்தேன். சாவடியில் கேப்டனும், டெலிபோன் கம்பி இழுக்கும் சுடலை என்ற பையனும் இருந்தார்கள். அவர்கள் மேல் எனக்கு எந்த வருத்தமும் கிடையாது.

குண்டு புறப்பட்டதும் சாவடிக்குச் சொல்ல வேண்டும். அதுதான் முறை. "போட்டாச்சு" என்று சொன்னேன்.

"காத்து மாறிருச்சுன்னு சொன்னேனேண்ணே," என்றான். பிறகு அவனே, "சரி, நீங்க புதுச் சீட்டு வாங்கித்தான் போட்டிருப்பீக. பாத்துக்கிட்டே இருக்கேன்."

ஒரு நிமிஷம் இருந்தது. கருவி காதில்தான் இருந்தது. பதுங்கு என்று சொல்ல ஒரு மூச்சு போதும். என் பென்சில் மழுங்கியிருந்தது. அதைச் சீவினேன்.

விசாரணை நடந்தது. பெரிய பெரிய அதிகாரிகள் வந்து என் நோட்டைப் புரட்டினார்கள். செத்த கேப்டன் மேல் பழி எழுத யாருக்கும் கை வராது. உயிரோடு இருக்கிற என் கணக்கில் பிழை இல்லை. கருப்புசாமி காற்றைத் தவறாகச் சொன்னதால் மூவர் மாண்டனர் என்று முடித்தார்கள். இவ்வளவு படித்தவர்களுக்குச் செடி ஓரத்து மண்ணைப் போய்ப் பார்க்கத் தோன்றவில்லை.

நேற்று, சனிக்கிழமை, கருப்புசாமியின் மனைவி வேலுத்தாய் என் வீடு தேடி வந்தாள். சுடலையும் அவள் தோட்டத்துப் பையன்தானாம். கருப்புசாமி சொல்லித்தான் பட்டாளத்தில் சேர்ந்தானாம். சுடலையின் தாய் சாந்தம்மாள் இருப்பது அதே கூலிவீட்டு லயத்தில், எதிர் வீட்டில். ஐந்து வருஷமாக வேலுத்தாய் வாசலைத் தாண்டும்போதெல்லாம் சாந்தம்மாள் மண்ணை வாரித் தூற்றுகிறாளாம். லயத்தில் யாரும் நல்லது கெட்டதுக்கு அழைப்பதில்லை.

"அவரு காத்தத் தப்பாச் சொல்ற ஆளு இல்லண்ணே," என்றாள். "நீங்கதான் கூட இருந்தவுக. அவரு மேல தப்பு இல்லேன்னு ஒரு கடுதாசி எழுதிக் குடுங்க. எனக்குப் படிக்கத் தெரியாது. திங்கக்கிழமை காலைல வேலைக்குப் பேரு குடுக்கையில, சுருளிவேல் கண்காணி எல்லாரு முன்னாடியும் படிக்கிறேன்னுருக்காரு. சாந்தம்மா அக்காவும் வந்து கேக்கேன்னுருச்சு."

"உக்காரு அம்மிணி," என்றேன். மோர் கொடுக்கச் சொன்னேன். நல்ல காகிதமாக எடுத்து, என் பதவியைப் போட்டு, கையெழுத்தும் போட்டுக் கொடுத்தேன்.

'கருப்புசாமி நல்ல பையன். காற்றில் மாற்றமில்லை என்று அன்று அவன் சொன்னது உண்மை. என் காதால் கேட்டேன். வேண்டுமென்று தப்பாகச் சொல்லியிருக்க மாட்டான்.'

பட்டாளத்தில் ஒன்றும் ஊரில் ஒன்றுமாக எழுதினால் மனிதன் பொய்யனாகிவிடுவான். எனக்குப் பொய் பிடிக்காது. அவள் காகிதத்தைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, ரவிக்கைக்குள் வைத்து, என் காலைத் தொட்டுக் கும்பிட்டாள். பஸ் வரும்வரை நானே கூட நின்றேன்.

இன்று ஞாயிறு. பொள்ளாச்சி, பழனி, தேனி, போடிமெட்டு தாண்டி இந்நேரம் பூப்பாறையில் இறங்கியிருப்பாள். நாளைக் காலை ஏழு மணிக்குப் பேர் கொடுக்கும் இடத்தில் எல்லாரும் கூடியிருப்பார்கள். தூரமும் நேரமும் சரியாகத்தான் போட்டிருக்கிறேன். போய் விழுந்ததைப் பார்த்துச் சொல்லத்தான் அந்தப் பக்கத்தில் எனக்கு ஆள் இல்லை.