ஆடி கழியட்டும், ஜோசஃபின்

செருப்பை ஒன்றின்மேல் ஒன்றாகக் கழற்றிப் போட்டுவிட்டு வந்திருக்கிறீர்கள், வீணா. வழக்கறிஞர்களுக்கு அவசரம் இருக்கும். அதனால் என்ன, திரும்பிப் போய் இரண்டையும் சேர்த்து வைத்துவிட்டு வந்து உட்காருங்கள். பிறகு நீங்கள் கேட்டதற்கெல்லாம் பதில் சொல்கிறேன். பழைய வக்கீலிடமிருந்து ஜோசஃபினின் மேல்முறையீடு உங்கள் கைக்கு வந்திருப்பதாகச் சொன்னீர்கள். நல்லது. எழுதிக்கொள்ளுங்கள். பிழையில்லாமல் எழுதினால் போதும்.

மர்பி டவுனில் இந்த வீட்டை என் தந்தை கட்டியபோது ஒரே கேட்தான். அவருக்குப் பின் மாடி எனக்கு, கீழ்வீடு என் தம்பி வெங்கடகிருஷ்ணனுக்கு என்று பாகம் பிரித்தார்கள். அதில் எனக்கு உடன்பாடில்லை. சொற்களைப் பிரிக்கலாம், வீட்டைப் பிரிக்கலாகாது.

தம்பி சிவாஜிநகரில் துணிக்கடை வைத்தான். ஜெயவேலு என்ற ஃபைனான்ஸ்காரரிடம் கடன் வாங்கினான். எந்தத் துணி எந்த அலமாரியில் இருக்கிறது என்றே அறியாதவன் கடனை மட்டும் முறையாகக் கட்டுவானா? ஜெயவேலு நீதிமன்றம் போய்த் தீர்ப்பு வாங்கிவிட்டார். அதை என்னிடம் மட்டும் சொல்லிவிட்டு, தம்பி அவசரமாகக் கீழ்வீட்டை விற்க ஆள் தேடினான். அகப்பட்டவள் ஜோசஃபின்.

தங்கவயல் சுரங்கத் தொழிலாளியின் மகள். இங்கே ஆஸ்பத்திரிகளில் நர்ஸாக இருந்தவள். வாழ்நாள் முழுதும் வாடகை வீடு. ஓய்வுபெற்றபோது வந்ததையும், கணவர் இறந்தபோது வந்ததையும் சேர்த்து, முழு விலையையும் தம்பியிடம் கொடுத்துவிட்டாள். ஒப்பந்தம் எழுதியாயிற்று, பத்திரப் பதிவு மட்டும் பாக்கி. கடனைப் பற்றி அவளிடம் யாரும் சொல்லவில்லை. என்னைக் கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன்.

ஜோசஃபினை எனக்குப் பிடித்திருந்தது என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். சாவி வாங்கிய அன்று வீட்டைச் சுற்றி வந்தவள், பக்கச் சுவரைத் தட்டிப் பார்த்துச் சிரித்தாள்.

"டீச்சரக்கா, இந்தச் செவுத்த ஒடச்சி இங்க ஒரு தனி கேட்டு போட்டுக்கிறேன். அப்புறம் எங்க தொல்லையே உங்களுக்கு இருக்காது."

"என்ன வண்ணம் அடிப்பாய்?"

"கிளிப்பச்சைக்கா! எங்க மைன்ஸ் லைன் வீட்டுக்கு எங்கப்பா அடிச்ச கலரு."

நான் காப்பி கொடுத்தேன். அவள் குடித்து முடித்த பிறகுதான் சொன்னேன்: "ஆடி பிறக்கப் போகிறது, ஜோசஃபின். ஆடியில் பத்திரமும் வேண்டாம், குடிபுகுதலும் வேண்டாம். ஆவணியில் வைத்துக்கொள்."

"எங்களுக்கு இன்னாக்கா ஆடி? ஃபாதர் வந்து தண்ணி தெளிச்சா முடிஞ்சிது."

"உனக்கு இல்லை. மாடியில் இருக்கும் எனக்கு இருக்கிறதே."

யோசித்தாள். தங்கவயலில் மாரியம்மனுக்குக் கூழ் காய்ச்சும்போது வேதக்காரர் வீடுகளிலிருந்தும் கேழ்வரகு போகும் என்று அவளே சொல்லியிருக்கிறாள். அப்படி வளர்ந்தவர்களால் அடுத்த வீட்டார் மனம் கோணுவதைத் தாங்க முடியாது. எனக்கு அது தெரியும்.

"சரி, உங்களுக்காவ பொறுத்துக்கிறேன். ஆடி கழியட்டும்" என்றாள். அதுவரை சாவி என்னிடம் இருக்கட்டும் என்றேன், கொடுத்தாள். பணம் கைக்கு வந்துவிட்ட தம்பிக்கோ அவசரமெல்லாம் தீர்ந்துவிட்டது. கடனை அடைக்காமல், ஹெப்பகோடியில் இன்னொரு கடையைத் திறக்கப் போய்விட்டான்.

ஆடியில் கோர்ட் அமீன் வந்தார், தமுக்கு அடிப்பவரையும் அழைத்துக்கொண்டு. எங்கள் தெருவில் பழைய கதவெண்ணுக்கும் புதிய கதவெண்ணுக்கும் என்றைக்கும் ஒத்துப்போனதில்லை. வீடு அகப்படாமல் திரும்பிப் போகப் பார்த்தவர்களை நான்தான் மாடியிலிருந்து கூப்பிட்டேன். ஜப்தி உத்தரவைச் சுவரில் கோணலாக ஒட்டினார். எடுத்து நேராக ஒட்டச் செய்தேன்.

ஜோசஃபின் படியில் உட்கார்ந்து அழுதாள். "ஒரு மாசந்தானேக்கா பொறுத்தேன்" என்றாள். எனக்கு வருத்தமாகத்தான் இருந்தது. ஜப்திக்கு முன்பே வாங்கிய வீட்டை இன்னொருவர் கடனுக்காக விற்கக் கூடாது என்று உரிமை கோரி மனுப் போடு என அவளைத் தேற்றியவளே நான்தான். சாட்சியும் சொன்னேன். ஒரு பொய்கூடச் சொல்லவில்லை. பதிவு நடந்ததா? இல்லை. குடிவந்தாரா? இல்லை. சாவி யாரிடம் இருந்தது? என்னிடம். ஏன் என்று எவரும் கேட்கவில்லை. கேட்காத கேள்விக்குப் பதில் சொல்லும் வழக்கம் எனக்கில்லை. மனு தள்ளுபடியாயிற்று.

மேல்முறையீடு செய்யச் சொன்னதும் நான்தான். ஏன் புருவத்தைச் சுருக்குகிறீர்கள்? மூன்றாம் நபர் ஒருவர் இவ்வீட்டுக்கு உரிமை கோருகிறார், வழக்கு நிலுவையில் உள்ளது என்று ஏல அறிவிப்பிலேயே போட்டுவிடுவார்கள். வழக்கோடு வரும் வீட்டை யார் வாங்குவார்? அப்படியும் பார்க்க வந்தவர்களை ஜோசஃபினிடமே அனுப்பினேன். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு கதையைச் சொல்லி முடிப்பதற்குள் அவர்கள் ஸ்கூட்டரைக் கிளப்பிவிடுவார்கள். முதல் ஏலத்துக்கு ஆளில்லை. மறு ஏலத்தில் விலை இறங்கிற்று. நான் ஒருத்திதான் கேட்டேன். விற்பனைச் சான்றிதழ் என் கைக்கு வந்தது அடுத்த ஆடியில். வாங்கிக்கொண்டேன். நீதிமன்றத்துக்கு ஆடி ஏது?

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். கீழ்வீடு இன்னும் தம்பி பெயரில்தான் இருக்கிறது, ஆவணிக்குள் ஜப்தி செய்தால் உண்டு என்று ஜெயவேலுவிடம் போய்ச் சொன்னது யார் என்று கேட்டீர்கள். நான்தான். சிவாஜிநகர் பஸ்ஸில் நின்றுகொண்டே போனேன், இந்த வயதில். ஜெயவேலு நாற்காலிகூடப் போடவில்லை. வெறும் ஒரு கேட்டுக்காகவா என்று கேட்கிறீர்கள். கேட் என்றால் பொறுத்திருப்பேன், வீணா. கிளிப்பச்சை.

ஜோசஃபினுக்கு என்ன குறை? இந்த வீட்டில் இருக்க ஆசைப்பட்டாள். கீழேதான் இருக்கிறாள், வாடகைக்கு. அட்வான்ஸ்கூட நான் கேட்கவில்லை. செருப்பை நேராக விடக் கற்றுக்கொண்டுவிட்டாள். "நீங்க இல்லன்னா நான் தெருவுல நின்னிருப்பேன்க்கா" என்று பார்க்கும்போதெல்லாம் சொல்கிறாள்.

வாடகையைச் சற்று உயர்த்த வேண்டியிருக்கிறது. ஆனால் இப்போது ஆடி நடக்கிறது, ஆவணி பிறக்கட்டும். ஆடியில் ஒருவர் மனம் நோகும்படி நான் எதுவும் செய்வதில்லை.