வடக்குப் பார்த்த கட்டில்

காலை ஐந்து ஐம்பதுக்கு எங்கள் தெருவுக்குப் பால் வரும். கண்ணையன் ஒரு நாளும் தவறியதில்லை. நான் தினமும் அரை லிட்டர் வாங்குவேன். பிப்ரவரி எட்டாம் தேதி, கால் லிட்டர் போதும் என்றேன்.

"இன்னா சார், அக்கா பால் குடிக்கறது இல்லியா?"

"கொறைச்சிக்கினு வர்றாங்க" என்றேன்.

"வயசானா அப்டித்தான். எங்கப்பாவும் அப்டித்தான் பண்ணாரு" என்று ஊற்றிவிட்டு வண்டியைக் கிளப்பினார்.

என் அக்கா பாஞ்சாலி மார்ச் நான்காம் தேதி இறந்தது எப்படி என்று என் கையாலேயே எழுதித் தரச் சொன்னீர்கள், இன்ஸ்பெக்டர் அம்மா. பாலில் தொடங்குவது சரியாக இருக்கும் என்று தோன்றியது.

என் பெயர் குமரேசன். வயது அறுபத்து நான்கு. முப்பத்தொரு வருடம் கல்லூரியில் தமிழ் நடத்தினேன். அக்காவுக்கு எழுபத்து மூன்று. கண்டாச்சிபுரம் பக்கம் எங்களுக்குக் கொஞ்சம் நிலம் உண்டு. அப்பா போன பிறகு அவள்தான் மல்லாட்டைக் கடலை போட்டாள். நான் படித்தேன். அவள் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. நானும்தான். எனக்கு வேலை இருந்தது.

என் வேலை சமணத் துறவிகள். இந்தப் பக்கத்துக் குன்றுகளில் ஆயிரம் வருடத்துக்கு முன்னால் அவர்கள் இருந்தார்கள். பாறையில் படுக்கை வெட்டிக்கொண்டு, மயிற்பீலியும் கமண்டலமும் தவிர எதுவும் வைத்துக்கொள்ளாமல் காப்பியம் எழுதினார்கள். இலக்கணம், நிகண்டு, பண்ணோடு பாடும் பாட்டு எல்லாம் செய்தார்கள். ஒரு நாளைக்கு ஒரு வேளை உணவு. அதையும் நின்றபடி கையில் வாங்கி உண்டார்கள். வேலை முடிந்த பிறகு சிலர் உணவைக் குறைத்து, பிறகு நிறுத்தி, அப்படியே போனார்கள். செஞ்சிக்குப் பக்கத்தில் திருநாதர் குன்றில் ஐம்பத்தேழு நாள் அப்படி இருந்த ஒருவரின் பெயர் பாறையில் இருக்கிறது. மாணவர்களை அங்கே அழைத்துப் போவேன். அவர்கள் பாறைமேல் ஏறி நின்று படம் எடுத்துக்கொள்வார்கள்.

ஓய்வு பெற்ற வருடம் அப்பாண்டைராஜ் என்பவர் என்னிடம் ஒரு ஏட்டுக்கட்டைக் கொடுத்தார். அவர் சமணக் குடும்பம். விவசாயம்தான் செய்கிறார். வீட்டுப் பரணில் இருந்ததாம். எழுதிய துறவியின் பெயர் இல்லை. இருபத்தேழு பாட்டு, ஒவ்வொன்றுக்கும் பண், கூடவே அவரே எழுதிய உரை. இதுவரை யாரும் பதிப்பித்ததில்லை. ஒரு மனிதனுக்கு வாழ்க்கையில் ஒரு முறை கிடைக்கும் பொருள் அது. இரண்டு வருடத்தில் முடித்துவிடலாம் என்று கணக்குப் போட்டேன். மூன்றாம் மாதம் அக்காவுக்கு வாதம் வந்து வலது பக்கம் விழுந்துவிட்டது.

திண்டிவனத்தில் என் வீட்டுக்கு அழைத்து வந்தேன். பேச்சும் போய்விட்டது. ஒரு சத்தம் மட்டும் மிஞ்சியது. எதைக் கேட்டாலும் "ம்" என்பாள். இடது கை மட்டும் வேலை செய்தது. இருதயமேரி என்கிற அம்மாள் காலையில் வந்து குளிப்பாட்டிவிட்டுப் போவார். மீதியெல்லாம் நான்தான். ஊட்டுவது, துடைப்பது, புரட்டிப் படுக்க வைப்பது. ஒரு நாளைக்கு ஓர் ஏடு என்று போட்ட கணக்கு, வாரத்துக்கு ஓர் ஏடு என்று ஆனது. இதைக் குறையாகச் சொல்லவில்லை. இரண்டு வருடம் செய்தேன்.

அவளுக்குப் பாட்டுகளைப் படித்துக் காட்டுவேன். அவள் கேட்டாள் என்பதற்குச் சான்று உண்டு. ஒவ்வொரு அடி முடிந்ததும் "ம்" வரும். அடியில் எங்காவது குறை இருந்தால் அந்த "ம்" தாமதமாக வரும். இரண்டு இடங்களில் நான் பாடத்தைத் திருத்தியது அதனால்தான். முன்னுரையில் அவளுக்கு நன்றி சொல்லியிருக்கிறேன்.

பத்தொன்பதாம் பாட்டுக்கு அந்தத் துறவி நீளமாக உரை எழுதியிருக்கிறார். உணவை விடுவது எப்படி என்பது பொருள். முதலில் கெட்டியான உணவை விட வேண்டும். பிறகு பால். பிறகு கஞ்சித் தெளிவு. பிறகு வெந்நீர். பிறகு அதுவும் இல்லை. பக்கத்தில் இருப்பவர் ஒவ்வொரு நாளும், உனக்கு இதில் சம்மதமா என்று கேட்க வேண்டும். யாருக்கு இது ஆகாது என்றும் சொல்கிறார். கோபத்தில் இருப்பவனுக்கு ஆகாது. சாவை விரும்புகிறவனுக்கு ஆகாது. தன்னைப் பார்த்துக்கொள்பவர்கள் சலித்துப் போனார்கள் என்பதற்காக ஒருவன் இதில் இறங்கக் கூடாது. அந்த வரியில் எழுத்துகள் சிதைந்திருந்தன. அதைப் படித்து எடுக்க எனக்கு நான்கு நாள் ஆனது.

பிப்ரவரி முதல் தேதி காலையில் அவளுக்கு இட்லியைப் பிசைந்து எடுத்துக்கொண்டு போனேன். தட்டைக் கையில் வைத்துக்கொண்டு, "போதுமா அக்கா?" என்று கேட்டேன்.

"ம்" என்றாள்.

தட்டை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். அன்று இரண்டு ஏடுகள் முடிந்தன.

துறவிகள் இதற்கு வடக்கு நோக்கி அமர்வது வழக்கம். நான் கட்டிலை வடக்குப் பார்க்கத் திருப்பினேன். எங்கள் வீட்டில் சமையலறை தெற்கே இருக்கிறது. எட்டாம் தேதி பாலை நிறுத்தினேன். பன்னிரண்டாம் தேதியிலிருந்து வெந்நீர் மட்டும். கேட்கத் தவறியதே இல்லை. தினமும் காலையில் கட்டில் அருகே உட்கார்ந்து, சம்மதமா என்று கேட்பேன். அவள் பதிலை நேரத்தோடு குறிப்பேட்டில் எழுதுவேன். குறிப்பேடு உங்களிடம் இருக்கிறது. அவள் இடது கையால் டம்ளரை எடுத்துக் கட்டில் சட்டத்தில் தட்டிக்கொண்டிருப்பாள். வேலைக்கு இடைஞ்சலாக இருந்தது. டம்ளரை எடுத்து உள்ளே வைத்துவிட்டேன்.

இருதயமேரி சும்மா இருக்கவில்லை.

"இன்னா சார், அக்கா இப்டி எளைச்சிக்கினே போறாங்க? தூக்கினா துணி மூட்டை மாதிரி வர்றாங்க."

நோன்பு இருக்கிறாள் என்றேன்.

"நோம்பா? நாங்களுந்தான் தவக்காலத்துல ஒருசந்தி இருக்கோம். பொழுது சாஞ்சா நல்லா சாப்புட்டுருவோம் சார். இது எந்த ஊரு நோம்பு? படுத்துக்கினு இருக்கறவங்களுக்கு சாமியே கணக்கு வைக்காது."

பதினாறாம் தேதி நான் கடைத்தெருவுக்குப் போயிருந்த நேரத்தில் அந்த அம்மாள் தன் வீட்டிலிருந்து கேப்பைக் கூழ் கொண்டுவந்து ஊட்டியிருக்கிறார். நான் திரும்பியபோது அக்காவின் மோவாயில் கூழ் ஒட்டியிருந்தது.

"ஒரு சொம்பு சார். ஒரு சொம்பு முழுசா குடிச்சாங்க. என் கையை உடவே இல்ல. நோம்புன்னு சொன்னீங்களே" என்றார்.

நாளையிலிருந்து வர வேண்டாம் என்றேன். அவர் என்னைத் திட்டவில்லை. அக்காவின் வாயைத் தன் முந்தானையால் துடைத்துவிட்டுப் போனார். உங்களிடம் புகார் கொடுத்தது அவர்தான் என்று நினைக்கிறேன். அவர்மேல் எனக்கு வருத்தம் இல்லை.

இடையில் உணவு போனால் விரதம் முறிந்தது என்றுதான் கொள்ள வேண்டும். அதனால் பதினேழாம் தேதியை முதல் நாள் என்று மறுபடி எழுதினேன். பிரேதப் பரிசோதனை செய்த மருத்துவர் ஒரு மாதப் பட்டினி என்கிறார், என் குறிப்பேட்டில் பதினாறு நாள் என்று இருக்கிறது. இரண்டும் பொருந்தவில்லை என்று நேற்று கேட்டீர்கள். காரணம் இதுதான். நான் எதையும் மறைக்கவில்லை.

ஐந்தாம் நாள் அப்பாண்டைராஜ் வந்தார். ஏட்டுக்கட்டு எந்த அளவில் இருக்கிறது என்று பார்க்க வந்தவர், கட்டிலைப் பார்த்து நின்றுவிட்டார். நான் விளக்கினேன். அவருக்குப் புரியும் என்று எதிர்பார்த்தேன். அவருடைய முன்னோர்கள் காத்து வந்த வழி அல்லவா.

"சார், இது இன்னா சார் வேலை?" என்றார். "அது சாமியாருங்க சமாச்சாரம். எத்தினியோ வருஷம் எல்லாத்தையும் உட்டவங்க, குருவாண்ட கேட்டு, சங்கத்துக்கு முன்னாடி சொல்லிட்டு உக்காருவாங்க. அப்பவும் வேணாம் வேணாம்னு தடுப்பாங்க. இவங்க கேட்டாங்களா?"

"தினமும் கேக்கறேன். ம்னு சொல்றாங்க."

"நான்தான் செஞ்சிக்கு ராஜான்னு சொன்னாக்கூட ம்னுதான் சொல்லுவாங்க. போன பொங்கலுக்கு நானே வந்து பேசிக்கினு இருந்தனே, தெரியாதா?"

அவர் கட்டிலுக்குப் பக்கத்தில் போய்க் குனிந்தார். "யக்கா, சாப்புடறீங்களா?"

"ம்."

நான் கேட்டேன். "வேண்டாம்தானே அக்கா?"

"ம்."

அவர் என்னைப் பார்த்தார். உண்மையில் அந்த இடத்தில் இரண்டு பதிலும் சமம். எதைக் கொள்வது என்று முடிவு செய்ய வேண்டியவன் பதிப்பாசிரியன். இத்தனை வருடமாக அதுதான் என் தொழில்.

"எங்க தாத்தா ஏட்டை இதுக்கா குடுத்தேன்?" என்றார். "நாளைக்குக் காலைல டாக்டரை இட்டுக்கினு வர்றேன். அதுக்குள்ள ஏதாச்சும் குடுங்க சார். தண்ணியில சக்கரை போட்டாச்சும் குடுங்க."

மறுநாள் விடிந்ததும் அவருக்கு போன் செய்தேன். அக்காவை விழுப்புரத்தில் ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டேன், குளுக்கோஸ் ஏறுகிறது என்றேன். "நல்ல காரியம் பண்ணீங்க சார், நேத்து கொஞ்சம் பேசிட்டேன், மனசுல வச்சிக்காதீங்க" என்றார். பார்க்க வரட்டுமா என்று கேட்டார். பார்வையாளரை விடுவதில்லை என்றேன். இது பொய். அந்தத் துறவி பொய்யைப் பற்றியும் ஒரு பாட்டு எழுதியிருக்கிறார். அதன் உரையில் பாதி செல்லரித்துப் போய்விட்டது.

பிறகு யாரும் வரவில்லை. அந்த நாட்களை நான் எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. வீடு அமைதியாக இருந்தது. காலையில் கேட்பேன், எழுதுவேன், ஏட்டை விரிப்பேன். மதியம் கூட்டேரிப்பட்டு வரை பஸ்ஸில் போய்ச் சாப்பிட்டுவிட்டு வருவேன். வீட்டில் சமைத்தால் அவளுக்கு வாசனை வரும். அவள் உறுதி குலையக் கூடாது என்பதில் கவனமாக இருந்தேன். எட்டு நாளில் முப்பத்திரண்டு ஏடுகள். எழுத்துகள் தாமாக எழுந்து வந்தன. பெயர் தெரியாத அந்த மனிதர் பாறைக்கடியில் உட்கார்ந்து இதே அமைதியில்தான் எழுதியிருப்பார் என்று தோன்றியது. அவருக்கு மிக அருகில் இருந்தேன்.

மார்ச் நான்காம் தேதி காலை ஆறரை மணிக்குக் கேட்டேன். பதில் வரவில்லை. குறிப்பேட்டில் அந்த இடத்தை வெறுமையாக விட்டிருக்கிறேன். வாசலில் ஆட்கள் கூடியபோது என் அக்கா நோன்பிருந்து போனாள் என்று சொன்னேன். அப்படித்தான் நம்பினேன். கல் நட வேண்டும் என்றுகூட நினைத்தேன்.

இப்போது நான் சொல்ல வேண்டியதைச் சொல்கிறேன். என் அக்காவுக்கு உணவு கொடுக்காமல் அவளைச் சாகவிட்டேன். தெரிந்தே செய்தேன். சட்டத்தில் இதற்கு என்ன பெயரோ அதை நீங்கள் எழுதிக்கொள்ளலாம். ஆனால் நீங்கள் இரண்டு முறை என்னிடம் ஒரே கேள்வியைக் கேட்டீர்கள். அந்த அம்மா ஒரு தடவையாவது சாப்பாடு கேட்டாங்களா என்று. இரண்டு முறையும் இல்லை என்றேன். பேச்சில் சொல்வது வேறு. எழுத்தில் தருவது துல்லியமாக இருக்க வேண்டும்.

பதினோராம் நாள், பிப்ரவரி இருபத்தேழு. காலை பதினொன்றரை இருக்கும். நான் அதே அறையில் மேசையில் கடைசிப் பாட்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் பேசினாள். இரண்டு வருடத்தில் அதுதான் முதல் பேச்சு. குழறவில்லை. ஊரில் கொல்லையிலிருந்து கூப்பிடும் அதே குரல், கொஞ்சம் மெலிந்து. நான் திரும்பிப் பார்க்கவில்லை. பல சுவடிகள் ஒரு பாடத்தைச் சொல்லி, ஒரே ஒரு சுவடி மட்டும் வேறு சொன்னால், அந்த வேறு பாடத்தை நாங்கள் மூலத்தில் ஏற்பதில்லை. அடியில் குறிப்பாகக் காட்டுவோம். அவள் அத்தனை நாளும் ஒன்றைச் சொன்னாள், ஒரு முறை மட்டும் வேறு சொன்னாள். குறிப்பேட்டில் அந்த நாளுக்கு அடியில் சின்ன எழுத்தில் இருக்கிறது. பார்த்திருக்க மாட்டீர்கள். சொன்னது சொன்னபடி எழுதியிருக்கிறேன்.

"தம்பி, கஞ்சி இருந்தா கொஞ்சம் குட்றா. ஒன் வேலைய கெடுக்க மாட்டேன், நான் ஊருக்கே போயிடறேன்டா."