கட்டிலுக்கு மேலே நான்கு துளைகள்

கான்கிரீட் கூரையில் துளையிடுவதற்கு நிதானம் வேண்டும். நிதானம் இல்லாதவர்களே பெரும்பாலும் அத்தொழிலுக்கு வருகிறார்கள். ஜுபைரும் அத்தகையவனே. ஆயினும், ஆய்வாளர் அவர்களே, தாங்கள் அவனைப் பிடித்துவந்து உட்கார்த்தியிருப்பது தவறு. அவன் இட்ட நான்கு துளைகளிலும் பிழையில்லை.

என் கணவர் கஜபதிக்குப் பக்கவாதம் வந்து இடக்கையும் இடக்காலும் செயலற்றுப்போயின. கட்டிலுக்கு நேர் மேலே கொக்கி பொருத்திக் கயிறு தொங்கவிட்டால், அதைப் பற்றி எழுந்து பழகி, விரைவில் நடந்துவிடுவார் என்று பயிற்சியளிக்க வந்த மருத்துவர் கூறினார். எதற்கெடுத்தாலும் சிரிப்பவர் அவர். அத்தகையோர் கூறுவதை நான் நம்புவதில்லை. இதில் அவர் கூறியது உண்மையாக இருந்ததுதான் சங்கடம்.

துளையிடும்போது வேறு அறைக்குச் செல்ல என் கணவர் மறுத்துவிட்டார். சிமெண்டுத் தூள் முகத்தில் கொட்டாதிருக்க நான் அவருக்குக் குடை பிடித்தேன்.

"நைனா, ஊட்டுக்குள்ளயே மழ பேஞ்சிகினு இருக்கு பாருங்க," என்றான் ஏணியில் நின்ற ஜுபைர். பிறகு என்னிடம், "கம்பி தட்டுது டீச்சரம்மா. ரெண்டு இஞ்ச் தள்ளிப் போட்டுக்கறேங்க."

"எங்கனா போடுடா. ஆடிக் கிருத்திகைக்கு நான் மலைக்குப் போயாவணும்," என்றார் என் கணவர்.

"ஆங், போலாம் நைனா. நீங்க நடக்கற நடைக்குக் காவடிக்காரனே பின்னால நிப்பான்."

இருவரும் சிரித்தார்கள். நான் குடையை அசையாமல் பிடித்திருந்தேன்.

அவர் மலைக்கோயிலுக்குப் போவதைப் பற்றித் தாங்கள் அறியவேண்டும். மாதந்தோறும் கிருத்திகையன்று போவார்; மறுநாள் விபூதிப் பொட்டலத்துடன் திரும்புவார். எங்கள் வீட்டிலிருந்து மலையடிவாரம் நடைதூரமே. அவர் இரவு தங்கியது அம்மையார்குப்பத்தில், நிர்மலா என்பவளின் வீட்டில். தறி நெய்பவள், எழுத்துக்கூட்டிப் படிப்பவள். தெருவே அறிந்திருந்த அச்செய்தியை நான் ஒருத்தி மட்டும் அறியேன் என்று அவர் நம்பினார். என் அறிவைப் பற்றிய அவருடைய மதிப்பீடு அவ்வளவே. அந்த விபூதியை நான் நாள்தோறும் நெற்றியில் இட்டுக்கொண்டேன்.

அவர் படுக்கையில் விழுந்தபின் வீட்டில் ஓர் ஒழுங்கு வந்தது. ஊட்டினால் உண்டார், புரட்டினால் புரண்டார். கிருத்திகைகள் வந்துபோயின. அவர் போகவில்லை. இந்நல்வாழ்வை ஒரு கொக்கி கெடுப்பதற்கு நான் ஏன் இடமளிக்கவேண்டும்?

மாத்திரை உண்டு அவர் உறங்கிய ஒரு பிற்பகலில், கட்டிலையொட்டி ஏணியைச் சாத்தி ஏறினேன். கொக்கியின் தகட்டைப் பிடித்திருந்த நான்கு போல்ட்டுகளில் மூன்றை முழுவதும் தளர்த்தினேன், நான்காவதைப் பாதியளவு. படுத்தபடி கயிற்றை இழுத்துப் பழகும்வரை அது தாங்கும். முழு உடலையும் அதில் ஏற்றி எழுந்தால் தாங்காது. படுத்திருப்பதா எழுவதா என்று தீர்மானிக்கும் உரிமையை அவரிடமே விட்டுவைத்தேன்.

இடையில் அவர் கண்விழித்தார். "மேல ஏறி இன்னாடி பண்ணிகினு கீற?"

"கெட்டியா இருக்குதான்னு பாக்கறேங்க."

அவருக்குக் கண் கலங்கிவிட்டது. "நீ இல்லன்னா நான் இன்னா ஆயிருப்பேன்?"

நல்ல கேள்வி. அம்மையார்குப்பம் பேருந்தில் ஏறுவதற்கு முன்பே அதனைக் கேட்டிருக்கலாம்.

ஆடிக் கிருத்திகையன்று காலை, தெருவில் காவடிகள் சென்றுகொண்டிருக்கையில், அவர் எழ முயன்றார். கொக்கி தகட்டோடு பெயர்ந்து வந்தது. கட்டில் விளிம்பில் விழுந்ததில் முதுகெலும்பு முறிந்தது. இனி அவர் எழமாட்டார் என்று மருத்துவமனையில் கூறி அனுப்பிவிட்டார்கள்.

அவருடைய தங்கை மகன் குமரேசன் ஜுபைர்மீது புகார் கொடுத்தான். "நானே தொங்கிப் பார்த்துட்டுதான் சார் எறங்கனேன்," என்று ஜுபைர் வெளியே அழுதுகொண்டிருக்கிறான். அழட்டும். அவன்மீது எனக்கு இரக்கமில்லை. ஆனால், இத்தனை அளந்து செய்யப்பெற்ற வேலையைக் கவனக்குறைவு என்று தாங்கள் எழுதுவதை என்னால் ஏற்க இயலாது. கவனக்குறைவாக நான் எதனையும் செய்ததில்லை.

விரைந்து எழுதிக்கொள்ளுங்கள். அவருக்குக் கஞ்சி கொடுக்கும் நேரமாகிறது. விழுந்த நாள் முதல் அவர் எவரிடமும் ஒரு சொல்லும் பேசுவதில்லை. நான் அறைக்குள் நுழைந்தால் மட்டும் கண்களை இறுக மூடிக்கொள்கிறார். என் காலடியோசை கேட்டாலே அவருக்கு அத்தனை நிம்மதி.