விலகியதற்கான காரணம்

அவைக்கு அணி செய்து அமர்ந்திருக்கும் பழைய மாணவர் சங்கத் தலைவர் ரெங்கசாமி ஐயா அவர்களே, அழைத்தவுடன் வந்து எங்களை அதிசயத்தில் ஆழ்த்திய கல்வி அலுவலக உயர் அதிகாரி அவர்களே, இன்று கொழுந்து பறிக்கப் பேர் கொடுக்கும் பெரட்டுக்குப் போகாமல் பதுளைக்கு வந்திருக்கும் தாய்மார்களே, பசறை பஸ்ஸில் நின்றுகொண்டே வந்து இங்கும் நின்றுகொண்டிருக்கும் பெரியோர்களே, இந்தப் பாடசாலையின் கடைசி அதிபர் ஜெசிந்தினியின் பணிவான வணக்கம்!

வரலாறு பேசச் சொன்னார்கள். பேசுகிறேன். ஆனால் ஐந்து மணிக்குக் கொழும்பு பஸ். மூன்றாம் வரிசையில் இருக்கும் நிலுக்ஷி அதில் போக வேண்டும். நாளைக் காலை தாதியர் பயிற்சிக்கு நேர்முகப் பரீட்சை. பாடசாலை விடுகைப் பத்திரத்தில் ஒரு கையெழுத்து மட்டும் இல்லை. ஆகவே வரலாற்றைச் சுருக்குகிறேன்.

தகரக் கூரையின் கீழ் தவழ்ந்தது, தோட்டத்துப் பிள்ளைகளால் தழைத்தது, தலைநிமிர்ந்தது நம் பள்ளி! அன்று அதன் பெயர் ஓடைத் தெரு தமிழ்ப் பாடசாலை. பிள்ளைகள் எழுநூறு. பிறகு ஓடைத் தெரு தமிழ் மகா வித்தியாலயம். பிள்ளைகள் முந்நூறு. பிறகு அதற்கும் முன்னால் 'முன்மாதிரி' என்று சேர்த்தார்கள். பிள்ளைகள் முப்பத்தொருவர். புதிய பெயர்ப்பலகையைத் தூக்க ஆள் போதவில்லை. சிரிக்காதீர்கள், நானும் ஒரு பக்கம் பிடித்தேன்.

கணித ஆசிரியர் மாற்றலாகிப் போனார், பதிலுக்கு ஆள் வரவில்லை. விஞ்ஞான ஆசிரியர் போனார், வரவில்லை. பிள்ளைகளும் போனார்கள். கேட் பூட்டப்பட்டது. 'தற்காலிகமாக'ப் பூட்டப்போவதாக அறிவித்த கடிதம் மூன்று வாரம் கழித்து வந்து, அதே கேட்டில் செருகியிருந்தது.

அன்று உயர்தர வகுப்பில் எஞ்சியவள் நிலுக்ஷி ஒருத்தி. தோட்டத்து லயத்து வீட்டில் இருந்தே படித்தாள், தனியாகப் பரீட்சை எழுதினாள், சித்தியடைந்தாள். கைதட்டுங்கள், அதற்கு நேரம் இருக்கிறது.

விடுகைப் பத்திரத்தில் 'விலகியதற்கான காரணம்' என்றொரு கட்டம். 'பாடசாலை மூடப்பட்டது' என்று எழுதினேன். கல்வி அலுவலகத்தில் திருப்பித் தந்தார்கள். "மூடினதா ஃபைல்ல இல்லைங்க டீச்சர், தற்காலிகமா இயங்கலன்னுதான் இருக்கு. சொந்த விருப்பத்துல விலகினதா எழுதிக் கொண்டாங்க, ஐயா உடனே சைன் வைப்பாரு."

எழுதிவிடலாம் என்றுதான் நினைத்தேன். நிலுக்ஷியின் அம்மா றோசாலி என் கையைப் பிடித்துக்கொண்டார். "வேணாங்க டீச்சர். எம்புள்ள ஸ்கூல விட்டுப் போகலங்க. ஸ்கூல்தான் எம்புள்ளய விட்டுட்டுப் போச்சு." எனக்கு வெட்கமாகப் போய்விட்டது.

யார் விலகியது? மழையில் நனைந்து, மலையில் நடந்து, மண் சரிந்த பாதையைத் தாண்டி வந்தவளா விலகினாள்? ஆசிரியர் தராதவர் விலகவில்லையா? தம் பிள்ளைகளை வேறிடத்தில் சேர்த்துவிட்டு இங்கே பழைய மாணவராய் வீற்றிருப்போர் விலகவில்லையா? ஆமாங்க தலைவர் ஐயா, உங்கள் பேரனையும் சேர்த்துத்தான். கேட் பூட்டிய அடுத்த மாதமே வெலிமடைக்கு மாற்றல் வாங்கிய நான் விலகவில்லையா?

மறுபடி பதினொரு முறை அலுவலகம் போனோம். பதினொரு முறையும் "ஐயா கூட்டத்தில் இருக்கிறார்" என்றார்கள். ஐயாவைக் கூட்டத்தில்தான் பிடிக்க முடியும் என்று விளங்கியது. ஆகவேதான், அவையோரே, இந்தக் கூட்டம்.

இப்போது றோசாலி பொன்னாடைத் தட்டோடு மேடைக்கு வருகிறார். தட்டில் பொன்னாடை இல்லை, 'பாடசாலை மூடப்பட்டது' என்று எழுதிய அதே பத்திரம் இருக்கிறது. பேனாவும் இருக்கிறது. அலுவலக முத்திரை அதிகாரி ஐயாவின் காரில் இருந்ததாம், சாரதி தம்பி எடுத்து வந்துவிட்டார்.

அதிகாரி ஐயா அந்தக் கட்டத்தை வாசிக்கிறார். இப்படி எழுதினால் யார் பொறுப்பு என்று மெதுவாகக் கேட்கிறார். அதற்குத்தான் ஐயா, கீழே கையெழுத்துக்கு இடம் விட்டிருக்கிறது.

வைத்துவிட்டார்! தலைவருக்கும், தாய்மார்க்கும், தட்டாமல் கையொப்பமிட்ட ஐயாவுக்கும் நெஞ்சு நிறைந்த நன்றி, வணக்கம். நடுவில் நிற்கிறவர்கள் தயவுசெய்து பிள்ளைக்கு வழி விடுங்கள்.