இடையில் பிடுங்காதே

மத்தியானம் இரண்டரை மணி. கல்குவாரிக்குப் போகிற சாலை. குவாரியை இழுத்து மூடிப் பல வருடம் ஆயிற்று, அதனால் லாரியும் இல்லை, ஆளும் இல்லை. இரண்டு பக்கமும் வெட்டிப் போட்ட பள்ளம்... பள்ளத்தில் அசையாமல் பச்சைத் தண்ணீர்... நடுவில் ஒரே ஒரு காலி ஸ்கூல் வேன். கடைசி சீட்டுக்கு அடியில் எந்தப் பிள்ளையோ விட்டுப் போன தண்ணீர் பாட்டில். பிரேக் போட்டால் முன்னால் உருளும். ஏற்றம் வந்தால் பின்னால் உருளும். கடகட... கடகட...

பேய்க் கதைக்கு ராத்திரி வேண்டாமா என்று கேட்காதீர்கள். ராத்திரிதான் இப்போது நம்மைச் சுற்றி உட்கார்ந்திருக்கிறதே, அது போதும். நடந்தது பட்டப்பகலில். நம்மோடு வேலை பார்க்கிற லிஃப்ட் மெக்கானிக்கின் அண்ணிக்கு. இன்றைக்கு அவன் வரவில்லை, அதனால் சொல்கிறேன். அவன் முன்னால் இந்தப் பேச்சை எடுத்தால் செருப்பை மாட்டிக்கொண்டு எழுந்து போய்விடுவான்.

அந்த வேனை ஓட்டிக்கொண்டு போனது அண்ணிதான். ஸ்கூல் வேன் ஓட்டுவது அவள் வேலை. காலையில் ஒரு நடை, சாயங்காலம் ஒரு நடை. அவள் புருஷன் பெயிண்டர். வாய் ஓயாத மனுஷன். வேலைக்குக் கிளம்புகிற பெண்டாட்டிக்கு வாசலில் நின்று சல்யூட் அடித்து, "டிரைவர் சார், பார்த்துப் போங்க சார்" என்பார். இழவு வீட்டில் உட்கார வைத்தாலும் நாலு பேரைச் சிரிக்க வைத்துவிட்டுத்தான் எழுந்திருப்பார்.

அந்த மனுஷன், ஒரு கட்டடத்தின் வெளிச்சுவருக்கு வர்ணம் அடிக்கும்போது சாரம் சரிந்து விழுந்தார். உயிர் மிஞ்சியது. கழுத்துக்குக் கீழே எல்லாம் போயிற்று. வலது கையில் கட்டைவிரலும் அடுத்த விரலும் மட்டும் கொஞ்சம் அசையும். தொட்டால் தெரியும். அவ்வளவுதான் மிச்சம்.

கொஞ்ச நாளில் அந்த ஓயாத பேச்சும் குறைந்தது. ஒரு காலையில் அவள் முகம் துடைத்துவிடும்போது மெல்லச் சொன்னார். "டிரைவர் சார், தலையணையை என் மூஞ்சி மேல வச்சுட்டு டூட்டிக்குப் போயிடேன்." சிரித்துக்கொண்டேதான் சொன்னார். அவள் சமையலறைக்குப் போய்க் குழாயை முழுக்கத் திறந்துவிட்டு, அந்தச் சத்தத்துக்குள் அழுதாள்.

கைக்குப் பயிற்சி கொடுக்க வருகிற பிசியோ பெண்தான் வழி சொன்னாள். "அக்கா, அசையுற விரலை விட்டுடக் கூடாது. வீடியோ கேம் ஆட விடுங்க." லிஃப்ட் மெக்கானிக் தன்னிடம் இருந்த கேம் பெட்டியைக் கொண்டுவந்து டிவியில் மாட்டினான். கன்ட்ரோலர் மட்டும் அவனிடம் உடைந்து போயிருந்தது. பழைய சாமான் கடையில் ஒன்று கிடைத்தது. வயர் இல்லாதது. பிசியோ பெண் அதைத் துணிப் பட்டையால் அவர் உள்ளங்கையோடு சேர்த்துக் கட்டினாள்.

கால்பந்து விளையாட்டு. குமிழைத் தள்ளினால் ஆள் ஓடுவான், ஒரு பொத்தானை அழுத்தினால் உதைப்பான். முதல் கோல் விழுந்த அன்றைக்கு அவர் போட்ட கத்தலில் பக்கத்து வீட்டுக்காரர் என்னவோ ஏதோ என்று பனியனோடு ஓடி வந்துவிட்டார். அன்று ராத்திரி பெயிண்டர் இரண்டாம் தடவை சோறு கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

கண் பட்டதோ என்னவோ... கன்ட்ரோலர் இணைப்பு கட்டாக ஆரம்பித்தது.

ஆடிக்கொண்டே இருப்பார். திடீரென்று திரை நின்றுவிடும். 'கன்ட்ரோலர் இணைப்பில் இல்லை' என்று வரும். நடுவில் இருக்கும் பொத்தானை அழுத்திப் பிடித்தால் மறுபடி சேரும். அழுத்த அவள் வீட்டில் இருக்க வேண்டுமே. காலை நடை முடிந்து அவள் வந்து பார்ப்பாள்... நின்றுபோன திரையைப் பார்த்தபடியே மனுஷன் கிடப்பார். எத்தனை நேரமாகவோ. கன்னத்தில் கண்ணீர் காய்ந்து வெள்ளைக் கோடு. துடைத்துக்கொள்ளக் கை வேண்டாமா?

அவள் செய்யாதது இல்லை. பேட்டரி மாற்றினாள். வைஃபை பெட்டியைத் தூக்கி வாசல் அறைக்குக் கொண்டுபோனாள். இடையில் இரும்பு பீரோ மறைக்கிறது என்று யாரோ சொல்ல, அதைத் தனி ஆளாக நகர்த்தி இடுப்பைப் பிடித்துக்கொண்டாள். பின்பக்கத்துச் சின்ன ஓட்டைக்குள் ஊசியை விட்டு அழுத்தி, எல்லாவற்றையும் அழித்துப் புதிதாகச் சேர்த்தாள். வயரில் மாட்டிப் பார்த்தாள். வயரிலும் அதே கதை. புதிதாகவே ஒன்று வாங்கி வந்தாள். அதன் குமிழ் விறைப்பாக இருந்தது, அவர் விரலுக்கு மசியவில்லை. பழையதை எவனோ வருடக்கணக்கில் ஆட்டி ஆட்டித் தளர்த்தி வைத்திருந்தான். அது ஒன்றுதான் அவருக்கு வளைந்து கொடுத்தது.

பெயிண்டர் மறுபடி வாயை மூடிக்கொண்டார். இந்தத் தடவை சாப்பாட்டுக்கும் சேர்த்து.

கடைசியில் செல்போன் ரிப்பேர்க்காரர் ஒருவரை வீட்டுக்கே அழைத்து வந்தாள். எந்தச் சாமானைக் கையில் கொடுத்தாலும் முதலில் 'ஃபூ' என்று ஊதிவிட்டுத்தான் திறப்பார், அதனால் தெருவில் அவருக்குப் பெயர் 'ஃபூ'. ஃபூ வந்தார், ஊதினார், திறந்தார், மூடினார். "சாமான் சுத்தமா இருக்கும்மா" என்றார். பெயிண்டர் கையில் கட்டி ஆட விட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்து பார்த்தார். கட்டானது.

ஃபூ குனிந்து கன்ட்ரோலரையே பார்த்தார். ரொம்ப நேரம்...

"அம்மா, இது கட்டாகலம்மா."

"என்னங்க சொல்றீங்க? திரையில போட்டிருக்கே."

"கட்டானா இந்த லைட் விட்டு விட்டு எரியணும். இல்ல, அணையணும். பாருங்க... நின்னு எரியுது. எங்கேயோ சேர்ந்திருக்குன்னு அர்த்தம். உங்க பெட்டியை விட்டுட்டு வேற பெட்டிகிட்ட போயிடுது. முப்பது அடிக்குள்ள யார் வீட்லயோ இன்னொண்ணு இருக்கணும்."

அப்போது கட்டிலிலிருந்து பெயிண்டர் பேசினார். எத்தனையோ நாளுக்கு அப்புறம்.

"அதிருது."

"என்னங்க?"

"கட்டானதுக்கு அப்புறமும் கையில அதிருது. பந்தை உதைச்சா அதிரும்ல... அந்த மாதிரி. யாரோ ஆடுறாங்க. நிறுத்தாம ஆடுறாங்க."

ஃபூ தன் ஸ்க்ரூடிரைவர்களைப் பொறுக்கிப் பையில் போட்டுக்கொண்டார். கூலிகூட வாங்கவில்லை.

அவள் மேல் வீடு, பக்கத்து வீடு, எதிர் வீடு எல்லாம் ஏறி இறங்கினாள். யாரிடமும் கேம் பெட்டி கிடையாது. பழைய சாமான் கடைக்கு ஓடினாள். கடைக்காரருக்கு நன்றாக நினைவிருந்தது. "குவாரிப் பக்கத்துல ஒரு பெரியவர்மா. காசே வேணாம், வீட்டை விட்டுப் போனா போதும்னு கொடுத்தார்."

அந்தப் பெரியவரைத் தேடித்தான் அந்த இரண்டரை மணிச் சாலையில் வேன் போய்க்கொண்டிருந்தது. கடகட... கடகட...

சாலை முடிகிற இடத்தில் ஒரே வீடு. ஓட்டின் மேல் இன்னும் கல்தூசி. பெரியவர் வாசலிலேயே நின்றிருந்தார். அவள் கன்ட்ரோலரைப் பையிலிருந்து எடுத்ததும் இரண்டு எட்டுப் பின்னால் போனார்.

"திருப்பிக் கொடுக்க வந்திருக்கியாம்மா? வேணாம்."

"இல்லப்பா. இதோட பெட்டி உங்ககிட்ட இருக்கா? அதை ஒரு தடவை அணைச்சுடுங்க. உங்க காலைப் பிடிச்சுக் கேக்கறேன். என் வீட்டுக்காரருக்கு இதை விட்டா ஒண்ணுமில்ல."

"அது அணைஞ்சுதாம்மா கெடக்கு. என் பையன் போன அன்னிக்கே நான்தான் பிளக்கைப் பிடுங்கினேன்."

பையன் எப்படிப் போனான் என்று அவர் சொல்லவில்லை. அவளும் கேட்கவில்லை. உள் அறையின் கதவைக் காட்டிவிட்டு அவர் அங்கேயே நின்றுகொண்டார்.

அவள் கதவைத் தள்ளினாள். ஜன்னல் சாத்திய அறை. ஒரு கட்டில், ஜன்னலோரம் ஒரு டிவி, அதன் கீழே அந்தப் பெட்டி. எல்லாவற்றின் மேலும் தூசி. பிளக் சுருட்டி வைத்த வயரோடு தரையில் கிடந்தது. ஆனால்... வாசனை. ராத்திரி முழுக்க ஓடிய மெஷினிலிருந்து வருமே, சூடான பிளாஸ்டிக் வாசனை, அது. அவள் பெட்டியின் மேல் கையை வைத்தாள். வெடுக்கென்று எடுத்துக்கொண்டாள். சுட்டது.

அவள் கையில் இருந்த கன்ட்ரோலரில் விளக்கு எரிந்தது. யாரும் எந்தப் பொத்தானையும் அழுத்தவில்லை. உர்ர்... என்று ஒரு அதிர்வு. நின்றது. மறுபடி உர்ர்...

வேறு யாராக இருந்தாலும் ஓடி வந்திருப்பார்கள். நான் ஓடியிருப்பேன். ஆனால் ஓடி எங்கே போவாள்? வீட்டில் அந்த மனுஷன் மூன்றாம் நாளாகப் பல்லைக் கடித்துக்கொண்டு, ஊட்டுகிற கையைத் தட்டக்கூட முடியாமல், முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டு கிடக்கிறார். அவளுக்குப் பயப்பட இடமில்லை. தூசித் தரையில் மண்டியிட்டு உட்கார்ந்தாள்.

"தம்பி," என்றாள், வெற்று அறையைப் பார்த்து. "நீ யாரோ எனக்குத் தெரியாது. உன் பொருள்தான், நான் இல்லேன்னு சொல்லல. ஆனா அவருக்கு ரெண்டு விரல்தான்பா இருக்கு. அதுக்கு வேற வேலை எதுவும் இல்ல. உனக்கு விளையாடணும்னா விளையாடு. அவரோட சேர்ந்தே விளையாடு. இடையில மட்டும் பிடுங்காத."

அதிர்வு நின்றது.

அறைக்குள் அப்படியொரு அமைதி. எங்கோ குவாரிப் பள்ளத்தில் ஒரு கல் சரிந்து தண்ணீரில் விழுந்தது... பொளக்...

அவள் எழுந்து வெளியே வந்தாள். கதவோரம் வரை வந்து கேட்டிருந்த பெரியவரின் முகம் செத்துப்போயிருந்தது.

"சேர்ந்து விளையாடுன்னா சொன்னே?"

"ஆமாப்பா."

"ஏம்மா... ஒரு கன்ட்ரோலரை ரெண்டு பேர் எப்படிம்மா பிடிக்கிறது?"

அவளுக்கு அது அப்போது உறைக்கவில்லை. சாயங்கால நடைக்கு நேரமாகியிருந்தது. வேனை எடுத்தாள்.

அன்றிலிருந்து கன்ட்ரோலர் ஒரு தடவைகூடக் கட்டாகவில்லை.

காலையில் கட்டிவிட்டுப் போவாள், வந்து பார்த்தால் ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கும். கோல் மேல் கோல். பெயிண்டர் வாயைத் திறந்து சாப்பிட்டார். அவள் ஊட்டினாள், அவர் விழுங்கினார். அவளுக்கு வேறு என்ன வேண்டும்? போகப் போக மூன்றாவது விரல் அசைந்தது. பிறகு நான்காவது. ஒரு நாள் துணிப் பட்டை இல்லாமலேயே கை கன்ட்ரோலரைப் பிடித்துக்கொண்டது. பிசியோ பெண் துள்ளிக் குதித்தாள். "அக்கா, நான் இப்படிப் பார்த்ததே இல்லக்கா!" என்று செல்போனில் படம் பிடித்துப் பெரிய டாக்டருக்கு அனுப்பினாள்.

பெயிண்டர் மட்டும் சந்தோஷப்படவில்லை. கோல் விழுந்தால் கத்துவதில்லை. திரையைப் பார்ப்பதுகூட இல்லை. கை பாட்டுக்கு ஆடும். அவர் கூரையைப் பார்த்துக் கிடப்பார்.

"ஏங்க, இன்னும் என்னங்க குறை?" என்று கேட்பாள்.

"ஒண்ணுமில்ல" என்பார். நீ இவ்வளவு சந்தோஷமாக இருக்கும்போது எப்படிச் சொல்வது என்பது போல அவளைப் பார்ப்பார்.

ஒரு நாள் அவர் அசந்து தூங்கட்டும் என்று டிவியை அணைத்தாள். கன்ட்ரோலரை எடுத்துப் பேட்டரியைக் கழற்றி அலமாரியில் வைத்தாள். திரும்பிப் பார்த்தாள். குறட்டை வந்துகொண்டிருந்தது. போர்வைக்கு மேலே அந்த வலது கை... வெறும் கை... கட்டைவிரலை முன்னால் தள்ளி, இடப்பக்கம் சாய்த்து, மற்ற விரலால் காற்றை அழுத்தி... ஆடிக்கொண்டிருந்தது.

தூக்கத்தில் எல்லாருக்கும் கை கால் துடிக்கும்தான். அப்படித்தான் அவள் தனக்குச் சொல்லிக்கொண்டாள். இருந்தும் அன்றே கன்ட்ரோலரை எடுத்துக்கொண்டு குவாரிக்குப் போனாள். வீடு பூட்டியிருந்தது. உள் அறை ஜன்னலைத் தள்ளித் திறந்து பார்த்தாள். அந்தப் பெட்டி அதே இடத்தில்தான் இருந்தது. ஆனால் வாசனை இல்லை. கம்பிக்குள் கையை விட்டு எட்டித் தொட்டாள். கல் மாதிரி குளிர்ந்து கிடந்தது. அங்கே இப்போது யாருமே இல்லை.

கன்ட்ரோலரைப் பச்சைத் தண்ணீரில் வீசிவிட்டு வீட்டுக்கு வந்தாள்.

பெயிண்டர் விழித்திருந்தார். அவள் கட்டிலோரம் உட்கார்ந்தாள். உட்கார்ந்ததுமே அந்தக் கை நகர்ந்து வந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டது. விழுந்த நாளிலிருந்து அவள் ஏங்கியது அதற்குத்தானே. வெதுவெதுப்பாக இருந்தது. அவளுக்குக் கண் நிறைந்தது.

"டிரைவர் சார்," என்றார் அவர், கூரையைப் பார்த்தபடியே. "ஒண்ணு கேட்டா பயப்பட மாட்டியே?"

"கேளுங்க."

"எனக்கு இருந்துச்சே, அந்த ரெண்டு விரல்... நீ முதல் தடவை குவாரிக்குப் போன அன்னியிலேருந்து அது எனக்குத் தெரியலம்மா. தொட்டாலும் தெரியல, அசைச்சாலும் தெரியல. இப்ப கழுத்துக்குக் கீழ எனக்கு ஒண்ணுமே இல்ல. என் கை இப்ப என்ன பண்ணுது? பார்த்துச் சொல்லு."

அவள் குனிந்து பார்த்தாள். ஐந்து விரலும் அவள் கையைச் சுற்றி வளைத்திருந்தன. கட்டைவிரல் அவள் மணிக்கட்டின் மேல் மெல்ல வட்டம் போட்டுக்கொண்டிருந்தது. எது எங்கே இருக்கிறது என்று தடவிப் பார்த்துப் பழகிக்கொள்கிற மாதிரி.

"என் கையைப் பிடிச்சிருக்கீங்க," என்றாள்.

"நானா?"

குரல் உடையாமல் சொல்ல அவள் படாத பாடு பட்டாள்.

"ஆமாங்க. நீங்கதான்."

அவர் நிம்மதியாகக் கண்ணை மூடிக்கொண்டார். அந்தக் கை இன்னும் கொஞ்சம் இறுக்கிப் பிடித்தது.