நாப்பது பாயிண்டு கூடுதல்

அய்யோ, அந்த சாஃப்ட்வேர் வேண்டாம் அண்ணாச்சி. கிராக் போடணும், ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணணும்னு கேக்குது பாத்தீங்களா? அப்படிக் கேக்குத எதையும் நான் தொட மாட்டேன். கீழ சின்னதா இன்னொண்ணு இருக்குல்லா, அதைப் போடுங்க. விளையாடுத ஆளு ஆரோ எழுதி சும்மா குடுத்திருக்காரு. எதுக்கும் மொதல்ல ஸ்கேன் பண்ணிருங்க. கடை மிஷின்ல போட மாட்டேன்னுட்டீங்க, அது நியாயம். அதான் இங்க வலியசாலை வரைக்கும் ஆட்டோல இந்த சிபியூவைக் கொண்டுவந்தேன். இதும் என்னோடது இல்ல, கேட்டோ. என் கூட்டாளி பிரஜினோடது. அவன் போட்டோ எல்லாம் இதுல மட்டும்தான் கிடக்கு. அதை சிடியில எழுதிட்டு அப்புறம் இன்ஸ்டால் பண்ணுவோம். ரெண்டு சிடி. சிரிக்காதீங்க, எனக்குப் பயம்.

பின்னே, இது கம்ப்யூட்டர் கேம் இல்ல. மேசைமேல சின்னச் சின்னப் பொம்மைப் பட்டாளத்தை நிறுத்தி ஆடுத சண்டை. ஒவ்வொரு பொம்மைக்கும் இத்தனை பாயிண்டுன்னு புக்குல இருக்கும். ஆயிரத்தைநூறுக்குள்ள பட்டாளம் சேக்கணும். இந்த சாஃப்ட்வேர் அதைக் கூட்டித் தரும். நாங்க ஆடுதது பழைய எடிஷன். புதுசுல பாயிண்டெல்லாம் மாத்திட்டாங்க. பழைய புக்கு பிரஜின்கிட்ட ஒண்ணு இருந்துது. நனைஞ்சு தாளெல்லாம் ஒட்டிப்போச்சு.

ஆயிட்டா? வைரஸ் ஒண்ணும் இல்லியே? சரி, இது அவன் எழுதின லிஸ்ட். மை பரவிருக்கு, நான் வாசிக்கேன், நீங்க அடிங்க. வில்லுக்காரன் இருவது. குதிரைக்காரன் பத்து. பீரங்கி ரெண்டு. கொடிக்காரன் ஒண்ணு. அவ்வளவுதான்.

எத்தனை? இன்னொரு தடவை பாருங்க அண்ணாச்சி.

ஆயிரத்தைநூறு. கரெக்டா.

ஒண்ணும் இல்ல. எங்க வீட்ல டிகிரி எடுத்த மொத ஆளு நான். எதையும் ரெண்டு தடவை சரிபாக்குத ஆளு. ஆட்டம் வச்சிருந்த அன்னைக்கு அவன் போன்ல லிஸ்டை வாசிச்சான். நான் நெட்ல எடுத்த தாளைப் பாத்துக் கூட்டினேன். அது புது எடிஷன்னு கவனிக்கல. நாப்பது கூடுதல்டே, புக்கை எடுத்துட்டு வா, நாலு மணிக்குள்ள சரியாக்கலேன்னா ஆட்டம் இல்லன்னேன். கல்லாத்துலேருந்து மழையோட பைக்கை எடுத்தான். நான் இருந்த வித்துராவுக்கு வந்து சேரல. பை மட்டும் ஆத்தங்கரையில கிடந்துது. அவனை மறுநாள்தான் எடுத்தாங்க.

நான் போன்ல வரச்சொன்னது அவன் அம்மைக்குத் தெரியாது. இப்பவும் போனா சோறு போட்டுத்தான் அனுப்புவாங்க.

ஒரு பிரிண்ட் எடுங்க அண்ணாச்சி. சிபியூவைத் திருப்பிக் குடுக்கும்போ அம்மைகிட்ட காட்டணும். அவன் கூட்டினது சரிதான்னு.